ஆணியே இல்லாத கப்பல் கடலில் எப்படித் தாங்கியது? தையல் கப்பல் பற்றி ஒரு விவாத இழை

#1 | தெலுக் ஆயர்

எல்லாருக்கும் வணக்கம். சிங்கப்பூரின் ஆசிய நாகரிக அரும்பொருளகத்தில் உள்ள, சீனாவின் தாங் அரசமரபுக் காலத்துக் கப்பல் புதையலை ஒட்டி, உயர்நிலைப்பள்ளி மாணவர்களுக்காக ஒரு மேசைக் காட்சி தயாராகிறது. 1998ல் இந்தோனேசியாவின் பெலிதுங் தீவுக்குப் பக்கத்தில் கிடைத்த கப்பல் அது. சரக்கு சுமார் 60,000 பாண்டங்கள், பெரும்பாலும் சீனாவின் சாங்ஷா கிண்ணங்கள். ஒரு கிண்ணத்தில் பொறித்த தேதி கி.பி. 826க்குச் சமம். சரக்கைப் பற்றிச் சொல்ல விஷயம் நிறையக் கிடைத்துவிட்டது. கப்பலைப் பற்றித்தான் உங்கள் உதவி வேண்டும். பலகையோடு பலகையைக் கயிற்றால் தைத்த கப்பல், ஓர் இரும்பு ஆணிகூட இல்லை என்கிறார்கள்.

தைத்த இடத்தில் தண்ணீர் ஏன் புகவில்லை? இரும்பு அப்போதே தாராளமாகப் புழக்கத்தில் இருந்தபோது ஏன் தைத்தார்கள்? மேசைமேல் வைக்க ஓர் அடி நீளத்துக்கு அந்தத் தையலைச் செய்துகாட்ட முடியுமா? தெரிந்தவர்கள் விவரமாக எழுதுங்கள்.

#2 | அமரம்

மாதிரி செய்யும் விஷயத்தைத் தும்பு அண்ணன் வந்து சொல்லட்டும், கைவேலை அவருக்குத்தான் தெரியும். தண்ணீர் ஏன் புகவில்லை என்பதை நான் எடுத்துக்கொள்கிறேன்.

தையல் என்றதும் சட்டை தைப்பதுதான் மாணவர்கள் மனத்தில் வரும். சட்டையில் நூல் அறுந்தால் துணி பிரிந்துவிடும். கப்பலில் கயிற்றின் வேலை வேறு. இரண்டு பலகைகளின் விளிம்பையும் ஒன்றோடொன்று நெருக்கி, அந்த அழுத்தம் தளராமல் பார்த்துக்கொள்வதுதான் அதன் வேலை. எனவே முதலில் கவனிக்க வேண்டியது கயிறு இல்லை, விளிம்பு. இழைத்த விளிம்புகள் நுனிமுதல் நுனிவரை முட்டி உட்கார வேண்டும். ஒரு விளிம்பில் கரியோ காவியோ தடவி மற்றதை அதன்மேல் அழுத்தி எடுப்பார்கள். நிறம் ஒட்டிய இடம் மேடு, அதை மட்டும் சீவுவார்கள். நிறம் சீராக ஒட்டும்வரை இதையே திரும்பத் திரும்பச் செய்ய வேண்டும். கப்பல் கட்டும் வேலையில் பாதி நேரம் இதிலேயே போகும்.

விளிம்பு உட்கார்ந்தபின் உள்பக்கம், இணைப்பின் நெடுகத் தேங்காய்த் தும்பைத் திரளாக வைத்து அதன்மேல் கயிறு போகும். இந்தத் திரள்தான் மூச்சு. தண்ணீரில் ஊறிப் பருத்து கயிற்றை உள்ளிருந்து தள்ளும். கயிறு இறுகும், கயிறு இறுக விளிம்புகளும் இறுகும். பலகையும் ஈரம் குடித்து உப்பும். ஆக, கடலில் இறங்கிய முதல் இரண்டு மூன்று நாள் கசியும், பிறகு கசிவு குறையும். பெலிதுங் கப்பலில் உள்ளே மட்டுமல்லாமல் வெளியேயும் இப்படித் திரள் வைத்துத் தைத்திருந்தார்கள். பலகை சுமார் 4 சென்டிமீட்டர் கனம். துளைகள் 5, 6 சென்டிமீட்டருக்கு ஒன்று.

கட்டும் வரிசையும் நாம் நினைப்பதற்கு நேர்மாறு. இன்று மரக்கப்பல் என்றால் ஏரா என்ற அடிமரத்தைக் கிடத்தி, விலா எலும்பு போன்ற வங்குகளை நிறுத்தி, அதன்மேல் பலகை அடிப்பதுதான் வழக்கமாகத் தோன்றும். தையல் கப்பலில் ஏராவை ஒட்டிய முதல் பலகையிலிருந்து மேல்நோக்கிப் பலகை பலகையாகத் தைத்துக்கொண்டே போவார்கள். கூடு முடிந்தபிறகே வங்குகளைச் செதுக்கி, கூட்டின் வளைவுக்கு ஏற்றபடி உள்ளே வைத்துக் கட்டுவார்கள். கப்பலின் வடிவம் வங்கில் இல்லை, பலகையின் வளைவில் இருக்கிறது. பக்கங்கள் விரியாமல் இருக்க ஊடுவிட்டங்கள் போடுவார்கள். இருபக்கப் பலகைகளையும் துளைத்துக்கொண்டு வெளியே நீட்டி நிற்கும் விட்டங்கள் அவை. பெலிதுங் கப்பலில் இவையும் இருந்தன.

தையலுக்கு ஒரு பலவீனம் உண்டு. அலையின் முதுகில் ஏறும்போது கப்பலின் நடு உயர்ந்து இருமுனையும் தொங்கும், இரண்டு அலைக்கிடையில் நடு தொங்கும். ஒவ்வொரு முறையும் அடுத்தடுத்த பலகைகள் நீளவாக்கில் ஒன்றின்மேல் ஒன்று நழுவப் பார்க்கும். பலகைகள் விலகுவதைக் கயிறு நன்றாகத் தடுக்கும், நழுவுவதை அவ்வளவாகத் தடுக்காது. விளிம்புக்குள் மரமுளை வைத்திருந்தால் முளை தடுக்கும். முளை இல்லையென்றால் விளிம்புகளின் உராய்வு மட்டுமே தடை. அதனால்தான் அழுத்தம் குறைந்த தையல் கப்பல் சட்டென்று உடையாமல் மெல்ல மெல்லக் கசிந்து கெடும்.

#3 | ஆஞ்சான்

அமரம் சொன்ன இயக்கம் சரி. ஆனால் மாணவர்களிடம் தையல் கப்பலைத் தலையில் தூக்கிவைத்துப் பேச வேண்டாம். 13ஆம் நூற்றாண்டின் பின்பகுதியில் பாரசீக வளைகுடா வாயிலில் உள்ள ஹோர்முஸ் துறைமுகத்தில் இதே மாதிரிக் கப்பல்களைப் பார்த்த மார்க்கோ போலோ, மட்டமான கப்பல்கள் என்றும் பல மூழ்கிப்போகின்றன என்றும் எழுதிவைத்தார். காரணம் இல்லாமல் இல்லை.

தையல் கப்பலில் இடைவிடாமல் தண்ணீர் இறைக்க வேண்டும். கிண்ணமும் குடமும் நனைந்தால் ஒன்றும் ஆகாது. மிளகு, துணி, அரிசி நனைந்தால் சரக்கே போச்சு. கயிற்றையும் ஓரிரு ஆண்டுக்கு ஒருமுறை பிரித்துத் தைக்க வேண்டும், ஒவ்வொரு முறையும் கரையேற்ற வேண்டும், ஆள்கூலி கொடுக்க வேண்டும். 1500ஐ ஒட்டிப் பீரங்கி தூக்கும் கப்பல்கள் இந்தியப் பெருங்கடலுக்கு வந்ததும், வெடிக்கும்போது பின்னுதைக்கும் பாரத்தை விறைப்பான உடல்தான் தாங்கும் என்பது எல்லாருக்கும் புரிந்துபோனது. தையல் ஒதுங்கி ஆணி முன்னுக்கு வந்ததற்கு இவையெல்லாம் காரணம்.

காந்த மலை கதை வேறு இருக்கிறது. கடலுக்கடியில் காந்தமலை இருந்து ஆணிகளைப் பிடுங்கிக்கொள்ளும், அதற்குப் பயந்து தைத்தார்கள் என்று. தயவுசெய்து அதைக் காட்சியில் காரணமாக எழுதிவைக்க வேண்டாம்.

#4 | அமரம்

காந்தமலை வேண்டாம் என்பதில் நானும் உங்கள் பக்கம். ‘மட்டம்’ என்பதை மட்டும் ஒத்துக்கொள்ள மாட்டேன். எந்தக் கடலுக்கு, எந்தக் கரைக்கு என்று பார்க்காமல் அப்படிச் சொல்லக்கூடாது.

சென்னைக் கடற்கரையையே எடுத்துக்கொள்ளுங்கள். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் செயற்கைத் துறைமுகம் கட்டும்வரை பெரிய கப்பல்கள் எல்லாம் வெளியே நங்கூரமிட்டுத்தான் நிற்கும். ஆளையும் சரக்கையும் கரைக்குக் கொண்டுவந்தவை மசூலாப் படகுகள். முழுக்கத் தைத்தவை, வங்கே கிடையாது. உடையும் அலையில் வந்து மணலில் மோதும்போது உடம்பு முழுவதும் நெளிந்து கொடுக்கும். ஆணியடித்த விறைப்பான ஐரோப்பியக் கப்பற்படகுகள் அதே அலையில் பிளந்துபோயின. அதனால் ஆங்கிலேயர் தங்கள் சொந்தப் படகை விட்டுவிட்டு, துறைமுகம் வரும்வரை இந்தப் படகுகளையே நம்பினார்கள். கோரமண்டல் கரை முழுவதும் மணல்தான், ஒதுங்கிநிற்க இயற்கைத் துறைமுகம் குறைவு. கரையில் ஏற்றி இறக்க வேண்டிய கலத்துக்கு நெளிவுதான் பலம்.

பராமரிப்பு விஷயத்திலும் ஒன்று சேர்த்துக்கொள்ளுங்கள். தையல் கப்பலில் ஒரு பலகை கெட்டால் அந்தத் தையலைப் பிரித்துப் பலகையை மட்டும் மாற்றலாம். ஆணிக் கப்பலில் அந்தப் பலகையைக் கழற்றுவதற்குள் பக்கத்துப் பலகையும் வங்கும் சேர்ந்து சேதமாகும்.

#5 | வங்குக்கால்

ஆணி ஜெயித்தது என்று ஒரே வரியில் முடிக்க முடியாது, ஆணிக்கும் ஆயிரம் வியாதி. மாணவர்களுக்கு அதையும் சொல்லுங்கள், அப்போதுதான் ஒப்பீடு நியாயமாக இருக்கும்.

உப்புத்தண்ணீரில் இரும்பு துருப்பிடித்தால் பருமன் பெருகும். துளைக்குள் பருத்த துரு மரத்தைச் சுற்றிலும் நசுக்கும். துருவில் உண்டாகும் சேர்மங்கள் ஆணியைச் சுற்றியுள்ள நார்களை அரித்துக் கருப்பாக்கும். கொஞ்ச காலத்தில் ஆணி மெலிந்து, துளை அகன்று, பிடி போய்விடும். வெளியே பார்த்தால் பலகை நன்றாக இருக்கும், ஆணியைத் தட்டினால் ஆடும்.

இது எந்த மரம் என்பதைப் பொறுத்தும் மாறும். ஐரோப்பிய ஓக்கில் துவர்ப்பு அமிலம் அதிகம், ஈர ஓக்கில் அடித்த இரும்பு வெகு சீக்கிரம் அரிக்கும். தேக்கில் எண்ணெய்ப் பசை உண்டு, இரும்பை அவ்வளவாகக் கெடுக்காது. பம்பாயில் வாடியா குடும்பத்தார் தேக்கில் கட்டிய கப்பல்களுக்குப் பிரிட்டிஷ் கடற்படையில் அத்தனை மதிப்பு வந்ததற்கு இது ஒரு முக்கியக் காரணம். 1817ல் பம்பாயில் நீரில் இறக்கிய டிரிங்கோமலி என்ற போர்க்கப்பல் இன்றும் இங்கிலாந்தின் ஹார்டில்பூலில் மிதந்துகொண்டிருக்கிறது.

அடுத்தது புழு. வெதுவெதுப்பான கடலில் மரத்தைத் துளைக்கும் டெரிடோ புழு, உள்ளே போகும் வாசல் ஊசித்துளை அளவுதான் இருக்கும். உள்ளே போனபின் நாரோடு நீளமாகக் குடைந்துகொண்டே போகும். வெளியே ஒன்றும் தெரியாது, உள்ளே பலகை சல்லடை. நம்மவர்களும் அரபிகளும் இதற்குச் சுண்ணாம்பும் ஆட்டுக்கொழுப்பும் கலந்து நீர்மட்டத்துக்குக் கீழே கனமாகப் பூசுவார்கள். அது தேய்ந்ததும் கரையேற்றிச் சுரண்டி மறுபடி பூச வேண்டும். பிரிட்டிஷ் கடற்படை 1761ல் அலாரம் என்ற கப்பலுக்குச் செப்புத் தகடு போர்த்திப் பார்த்தது. புழு அண்டவில்லை, பாசியும் குறைவு. ஆனால் 1763ல் பரிசோதித்தபோது தகட்டைப் பிடித்திருந்த இரும்பு ஆணிகள் பலவும் கரைந்துபோயிருந்தன. செம்பும் இரும்பும் உப்புத்தண்ணீரில் தொட்டுக்கொண்டால் மின்கலம் மாதிரி ஆகி இரும்பு தின்னப்படும். சில ஆணிகள் மட்டும் புதுசு போல இருந்தன. தகடு சுற்றிவந்த பழுப்புக் காகிதம் கிழியாமல் அந்த ஆணிகளுக்கும் தகட்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டிருந்தது! காகிதம் இருந்த இடத்தில் உலோகம் உலோகத்தைத் தொடவில்லை. பிறகு நீர்மட்டத்துக்குக் கீழே இரும்பு மரையாணியை ஒழித்துச் செப்புக் கலவைக்கு மாறித்தான் இந்தப் பிரச்சினையைத் தீர்த்தார்கள். 1832ல் வந்த மன்ட்ஸ் உலோகம், செம்பு 60 பங்கும் துத்தநாகம் 40 பங்கும் கொண்டது, தகட்டின் செலவைக் குறைத்தது. 1869ல் இறங்கிய கட்டி சார்க் கப்பலில் இரும்பு வங்குமேல் மரப்பலகை, அதன்மேல் மன்ட்ஸ் தகடு.

#6 | தெலுக் ஆயர்

பழுப்புக் காகித விஷயம் காட்சிக்கு அருமையாகப் பொருந்தும், நன்றி. இங்கே யாரும் கேட்காமல் விடமாட்டார்கள் என்பதால் இப்போதே கேட்டுவிடுகிறேன். சோழர் கப்பல் தையல் கப்பலா, ஆணிக் கப்பலா? இணையத்தில் மூன்று அடுக்கு, பீரங்கி எல்லாம் வைத்துப் படங்கள் சுற்றுகின்றன.

#7 | ஆஞ்சான்

அந்தப் படங்களை வைக்காதீர்கள். ராஜேந்திர சோழன் காலம் 11ஆம் நூற்றாண்டு. கப்பலில் பீரங்கி வந்தது அதற்கு வெகுகாலம் பின்னால்.

உறுதியாகக் கையில் இருப்பது இவ்வளவு. ராஜேந்திரனின் மெய்க்கீர்த்தி ‘அலைகடல் நடுவுள் பலகலம் செலுத்தி’ என்று தொடங்கி ஸ்ரீவிஜயம், மலையூர், இலங்காசோகம், கடாரம் என்று ஊர்களை வரிசையாகச் சொல்கிறது. படையெடுப்பு 1025ஐ ஒட்டியது. எத்தனை கலம், என்ன நீளம், எப்படிக் கட்டியது என்று மெய்க்கீர்த்தியில் ஒரு சொல்லும் இல்லை. சோழர் போர்க்கலம் என்று அடையாளம் காணப்பட்ட உடைகலமும் இல்லை. அதற்கு வெகு முன்னால், கி.பி. முதல் நூற்றாண்டில் செங்கடல் வணிகர் ஒருவர் எழுதிய கிரேக்கக் கையேடு, கோரமண்டல் கரையில் பெரிய மரங்களைப் பிணைத்துக் கட்டிய சங்கரா என்ற கலங்களும், கங்கைக்கும் கிழக்கே பொன்னாட்டுக்கும் போகும் கொலந்தியா என்ற பெருங்கலங்களும் இருந்ததாகச் சொல்கிறது. சாதவாகனர் நாணயத்தில் இரட்டைப் பாய்மரக் கப்பல் உருவம் தெளிவாக இருக்கிறது. அஜந்தா இரண்டாம் குகையில் மூன்று பாய்மரத்தோடு ஒரு கப்பல், பின்பக்கம் வரிசையாகக் குடங்கள்.

அந்த அஜந்தா ஓவியத்தை வைத்துத்தான் இந்தியக் கடற்படையின் கௌண்டின்யா கப்பலைத் தைத்துக் கட்டினார்கள். கேரளத்துத் தச்சர் பாபு சங்கரன் தலைமையில் கைவேலை நடந்தது. ஓவியத்திலிருந்து பலகைக் கனமும் பாரமும் கிடைக்காது என்பதால் சென்னை ஐஐடியில் மாதிரி வைத்து நீர்ச்சோதனை செய்தார்கள். 2025 மே மாதம் கடற்படையில் சேர்த்தார்கள். சோழர் பகுதிக்குப் படம் வேண்டுமென்றால் சாதவாகன நாணயத்தையும் அஜந்தா ஓவியத்தையும் போட்டு, எந்தக் காலத்தவை என்று கீழே எழுதுங்கள். அது நேர்மையாக இருக்கும்.

#8 | கிளாம் மரம்

எல்லாரும் மேற்கிலேயே நிற்கிறீர்கள், நம் காலடியைப் பார்க்கவில்லையே!

இந்தத் தீவைச் சுற்றிய கடலில் கப்பல் கட்டும் மூன்று மரபுகள் சந்தித்தன. மேற்கிலிருந்து வந்தவை பலகையைத் துளைத்துத் தைத்தவை. தென்கிழக்காசியக் கலங்களில் பலகையைச் செதுக்கும்போதே உள்பக்கம் சிறு மேடுகளை விட்டுவைத்து, அந்த மேடுகளில் துளையிட்டு வங்கோடு கட்டுவார்கள். விளிம்புகளுக்குள் மரமுளை. கயிறு வெளியே தெரியவே தெரியாது, அதனால் கரையில் உரசி அறுபடாது. சீனக் கலங்களில் இரும்பு ஆணியும் குறுக்குத் தடுப்புச் சுவர்களும். 1974ல் சுவான்சோவில் தோண்டியெடுத்த 13ஆம் நூற்றாண்டுக் கப்பலில் 12 தடுப்புகள், 13 அறைகள். இணைப்புகளில் சணல், சுண்ணாம்பு, துங் எண்ணெய் மூன்றையும் இடித்த பசை. அது காய்ந்தால் கல்.

மலாய்க் கரையில் இணைப்பை அடைக்க கெலாம் மரப்பட்டையை வைத்தார்கள். கம்போங் கிளாமுக்குப் பேர் வந்ததே அந்த மரத்தால். பட்டை காகிதம் மாதிரி ஏடு ஏடாக உரியும், தண்ணீர் பட்டால் உப்பும். அதோடு டாமர் பிசின். நம் குங்கிலியமும் இதே இனத்து மரப்பிசின்தான்.

தமிழர் பங்கையும் விட்டுவிடாதீர்கள். 1820கள் தொடங்கி சில பத்தாண்டுகள், சிங்கப்பூர் ஆற்றில் கப்பலுக்கும் கிடங்குக்கும் இடையே சரக்கு ஏற்றி இறக்கிய தோணிகளை ஓட்டியவர்களில் சூலியாக்கள் முதன்மையானவர்கள். நாகூர், நாகப்பட்டினம், காரைக்கால் பக்கத்து முஸ்லிம்கள். 1828 முதல் 1830 வரை கட்டிய நாகூர் தர்கா நிற்கும் தெலுக் ஆயர் தெரு அப்போது கடற்கரை. 19ஆம் நூற்றாண்டின் நடுவுக்குப் பிறகு அந்தத் தொழில் சீனர் கைக்கு மாறியது. தொங்கான்கள் என்ற அந்தச் சரக்குத் தோணிகள் ஆற்றைவிட்டுப் பாசிர் பாஞ்சாங்குக்குப் போனது 1983ல்.

மரம் பற்றி வங்குக்கால் தேக்கைச் சொன்னார். வேம்பையும் சேர்க்க வேண்டும். யாழ்ப்பாணத்து வல்வெட்டித்துறையில் வேப்பமரத்தில் கட்டிய அன்னபூரணி என்ற பாய்க்கப்பல், ஓர் அமெரிக்கர் வாங்கியபின் வல்வெட்டித்துறை மாலுமிகளோடு 1938ல் மாசசூசெட்ஸ் மாநிலத்துக் குளோஸ்டர் துறைமுகத்தை எட்டியது. பிள்ளைகளுக்கு இந்தக் கப்பலைக் கட்டாயம் சொல்ல வேண்டும் என்பது என் கருத்து.

#9 | தும்பு

தாமதமாக வருகிறேன், மன்னிக்கவும். ஓர் அடித் தையலுக்கு வேண்டியவை:

பலகை இரண்டு. ஒவ்வொன்றும் 35 செ.மீ. நீளம், 15 செ.மீ. அகலம், 2.5 செ.மீ. கனம். மெராந்தி மரம் போதும். செங்கால் என்ற வன்மரம் கிடைத்தால் அழகு, ஆனால் சாதாரணத் துளைமுனை தீய்ந்துவிடும். ஒட்டுப்பலகை வேண்டவே வேண்டாம். ஈரத்தில் ஏடு பிரியும், உப்புவதும் சீராக இருக்காது.

தேங்காய்நார்க் கயிறு 4 மி.மீ. தடிமன், 6 மீட்டர். உதிரித் தும்பு இரண்டு கைப்பிடி. குங்கிலியம் 100 கிராம், லிட்டில் இந்தியா நாட்டு மருந்துக் கடையில் கிடைக்கும். நல்லெண்ணெய் வேண்டாம், அது காயாது. ஆளிவிதை எண்ணெய் வாங்குங்கள், 50 மி.லி. போதும். வெற்றிலைச் சுண்ணாம்பு இரண்டு கரண்டி.

விளிம்பைப் பொருத்துவது அமரம் சொன்னபடிதான். ஒட்டவைத்து வெளிச்சத்துக்கு எதிரே பிடியுங்கள், கீற்று வெளிச்சம்கூடத் தெரியக்கூடாது.

துளை: விளிம்பிலிருந்து 2.5 செ.மீ. உள்ளே, 5 செ.மீ.க்கு ஒன்று. இரண்டு பலகையிலும் எதிரெதிரே ஆறு ஆறு. துளை அகலம் 10 மி.மீ. ஒவ்வொரு துளையிலும் கயிறு இருமுறை போகும். 6 மி.மீ. துளை போட்டால் போகும்போது நுழையும், திரும்பும்போது சத்தியமாக நுழையாது. விளிம்புக்கு இன்னும் நெருக்கிப் போட்டால் இறுக்கும்போது பலகை நார்வாக்கில் பிளந்துவிடும். பலகைக்கு அடியில் வேறொரு கட்டையை வைத்துத் துளையுங்கள், இல்லாவிட்டால் மறுபக்கம் சிலாம்பு பெயரும்.

கயிறு: முதல்நாள் இரவு உப்புத்தண்ணீரில் ஊறவையுங்கள். லிட்டருக்கு 35 கிராம் உப்பு, கடல்நீரின் அளவு. ஊறியபின் இரண்டு முனையையும் கட்டி, பாரம் தொங்கவிட்டு நீட்டிவிடுங்கள். நீட்டாத கயிற்றில் தைத்தால் இன்றைக்கு இறுகி நாளைக்குத் தொளதொளக்கும். எல்லாரும் சறுக்கும் இடம் இது.

தையல்: இணைப்பின்மேல் உள்பக்கமாகத் தும்பைப் பெருவிரல் கனத்துக்கு முறுக்கி, இரண்டு முனையும் கொஞ்சம் நீட்டிக்கொண்டிருக்கும்படி கிடத்துங்கள். கயிற்றை உள்ளிருந்து மேல்பலகை முதல் துளை வழியாக வெளியே விட்டு, வெளிப்பக்கம் நேராகக் கீழே இறக்கி, கீழ்ப்பலகை முதல் துளையில் உள்ளே கொண்டுவாருங்கள். அங்கிருந்து தும்பின்மேல் சாய்வாக ஏறி, மேல்பலகை இரண்டாம் துளை. இப்படியே ஆறாவது துளைவரை. பிறகு அதே முறையில் திரும்புங்கள், சாய்வு எதிர்ப்பக்கம் விழும். முடிந்ததும் உள்ளே பெருக்கல் குறிகள் வரிசையாகத் தெரியும், வெளியே நேர்க்கோடுகள் இரட்டை இரட்டையாக.

ஒவ்வொரு தையலுக்கும் இறுக்க வேண்டும். கயிற்றை ஒரு சிறு கட்டையில் இரண்டு சுற்று சுற்றி, பலகையில் முட்டுக்கொடுத்து நெம்புங்கள். நெம்பிய நிலையிலேயே இன்னொருவர் துளையில் மரக்குச்சியைச் செருகிக் கயிற்றைப் பூட்ட வேண்டும். தனியாளாகச் செய்ய முயன்றால் அடுத்த துளைக்குப் போவதற்குள் முந்தியது தளர்ந்துவிடும். கப்பலிலும் உள்ளே ஒருவர் வெளியே ஒருவர் என்று ஜோடியாகத்தான் தைப்பார்கள்.

கடைசியில் குச்சிகளை ஒவ்வொன்றாக எடுத்து, துளையைத் தும்பால் அடைத்து, வெளிப்பக்கம் பசை வையுங்கள். குங்கிலியத்தைப் பொடித்து எண்ணெயில் மெல்லிய சூட்டில் கரைத்து, இறக்கியபின் சுண்ணாம்பு. மின் அடுப்பு மட்டும், தீ வேண்டாம், பிசின் பற்றிக்கொள்ளும். மாணவர்கள் பக்கத்தில் வேண்டாம்.

#10 | தெலுக் ஆயர்

அண்ணே, அப்படியே அச்சடித்து ஒட்டலாம் போலிருக்கிறது. கயிறு நீண்ட நாள் இருக்க வேண்டும் என்று ஒருவர் நைலான் போடச் சொல்கிறார். சரியா? முழுக் கப்பலுக்கு எத்தனை துளை என்று பிள்ளைகள் கேட்டால் என்ன சொல்வது?

#11 | தும்பு

நைலான் வேண்டாம். மரத்தில் பிடிக்காமல் வழுக்கும், முடிச்சு நகரும், உப்பாது. தேங்காய்நார் சொரசொரப்பாக இருப்பதும் ஈரத்தில் பருப்பதும்தான் அதன் தகுதி. நல்ல நார் எடுக்க மட்டையை உவர்நீரில் மாதக்கணக்கில் ஊறப்போட்டு அடிப்பார்கள். நன்னீரில் அது சீக்கிரம் நைந்துபோகும், உப்பில்தான் நின்று உழைக்கும்.

துளைக் கணக்கை அவர்களையே போட வையுங்கள். 5 செ.மீ.க்கு ஒன்று என்றால் ஒரு மீட்டர் இணைப்புக்கு இருபக்கமும் சேர்த்து 40 துளை. 18 மீட்டர் கப்பலில் சராசரி 15 மீட்டர் நீளத்துக்கு 30 இணைப்பு என்று வைத்தால் 450 மீட்டர். ஆக 18,000 துளை. வங்கு கட்டும் துளைகள் இதில் சேராது. அத்தனையும் கையால் கடைந்தவை.

#12 | ஆஞ்சான்

18 மீட்டர் என்றதால் இதையும் சேர்க்கிறேன். பெலிதுங் கப்பலைப் பார்த்து ஓமானில் கட்டிய ‘ஜூவல் ஆஃப் மஸ்கட்’ அதே நீளம், அகலம் 6.5 மீட்டர். தைத்தவர்களில் கேரளத்துக் கயிற்றுவேலைக்காரர்கள் இருந்தார்கள். 2010 பிப்ரவரி 16 அன்று மஸ்கட்டிலிருந்து கிளம்பி ஜூலை 3 அன்று சிங்கப்பூர் சேர்ந்தது.

நடுவே கொச்சி, இலங்கையின் காலி, பினாங்கு துறைகளில் நின்றது. இந்தத் தேதிகளைக் காற்றோடு வைத்துப் பாருங்கள். பிப்ரவரியில் வாடைக்காற்றின் கடைசிப் பகுதி கப்பலைக் கொச்சிக்குத் தள்ளும். வங்கக்கடலைக் கிழக்கே தாண்டத் தென்மேற்குப் பருவக்காற்று தொடங்க வேண்டும், அது மே மாதக் கடைசி. நடுவில் காத்திருப்பதைத் தவிர வேறு வழியில்லை. கப்பலைப் பழுதுபார்க்கும் காலமும் அதுதான். இந்தப் பயணத்தில் தையல் விடவில்லை, பெரிய பாய்மரத்தில்தான் விரிசல் கண்டது. இலங்கையில் புதுமரம் வெட்டி மாற்றினார்கள். நீண்ட கப்பலோட்டத்தில் தையலைவிட முதலில் தொந்தரவு கொடுப்பவை பாய்மரமும் பாயைத் தாங்கும் குறுக்குமரமான பருமலும் அவற்றைத் தாங்கும் கயிறுகளும்தான். அமரத்தோடு நான் மல்லுக்கட்டினாலும், தைத்த உடல் நாலரை மாதம் தாங்கியதை ஒத்துக்கொள்ளத்தான் வேண்டும்.

#13 | அமரம்

ஒத்துக்கொண்டதற்கு மகிழ்ச்சி. உங்கள் பக்கத்து நியாயத்தையும் காட்சியில் ஒரு வரி எழுதச் சொல்லுங்கள் தெலுக் ஆயர்: பாண்டம் ஏற்றினால் தையல் போதும், பீரங்கி ஏற்றினால் போதாது.

#14 | தெலுக் ஆயர்

எழுதிவிடுகிறேன். கடைசியாக ஒன்று. காட்சி ஆறு வாரம், குளிரூட்டிய கூடத்தில். மாதிரிக்கு ஏதாவது ஆகுமா?

#15 | தும்பு

ஆகும். குளிரூட்டிக் காற்று ஈரத்தை உறிஞ்சிவிடும். பத்து நாளில் பலகை சுருங்கி இணைப்பில் கீற்று விழும், கயிறு தொய்யும். கண்ணாடிப் பெட்டிக்குள் வைக்காதீர்கள், பூஞ்சை பிடிக்கும். ஆழமில்லாத தட்டில் இரண்டு விரல் உயரத்துக்கு உப்புத்தண்ணீர் ஊற்றி, மாதிரியின் கீழ்ப்பலகை நனையும்படி நிற்க வையுங்கள். மேலே தும்புக்கு மட்டும் இரண்டு நாளுக்கு ஒருமுறை அதே தண்ணீரைத் தெளியுங்கள். தண்ணீர் வற்ற வற்ற உப்பு கூடும், அதனால் மேலே ஊற்றும்போது வெறும் தண்ணீர் போதும்.

முடிந்தால் இரண்டு மாதிரி செய்யுங்கள். ஒன்றைத் தட்டில் வையுங்கள், மற்றொன்றைப் பக்கத்தில் உலரவிடுங்கள். இரண்டு இணைப்பிலும் பிள்ளைகள் ஒரு தாளைச் செருகிப் பார்க்கட்டும். உலர்ந்ததில் தாள் நுழையும், நனைந்ததில் நுழையாது.